மசாஜ் தெரபிஸ்ட் லைசென்ஸ்: டெக்சாஸா, கலிஃபோர்னியாவா, வாஷிங்டனா, நியூயார்க்கா?

அமெரிக்கா முழுவதற்கும் செல்லுபடியாகும் மசாஜ் லைசென்ஸ் என்று ஒன்று கிடையாது. மாநிலத்துக்கு மாநிலம் சட்டம் வேறு, படிப்பு மணி வேறு, கட்டணம் வேறு. டல்லாஸில் வாங்கியது சியாட்டிலில் செல்லாது. நியூஜெர்சியின் எடிசனில் வாங்கியதை வைத்துக்கொண்டு ஆற்றைத் தாண்டி மன்ஹாட்டனில் ஒருவர் முதுகைத் தொட முடியாது. கான்சஸ், வயோமிங் மாதிரி மாநில லைசென்ஸே இல்லாத இடங்களும் உண்டு. அங்கே ஊருக்கு ஊர் விதி.

எனக்கு வரும் கேள்விகள் பெரும்பாலும் ஒரே மாதிரி. வீட்டில் ஒருவருக்கு ஐ.டி. வேலை. இன்னொருவருக்கு எச்4 இஏடி (எச்1பி விசாக்காரரின் துணைக்குக் கிடைக்கும் வேலை அனுமதி) கைக்கு வந்திருக்கிறது, அல்லது கிரீன் கார்டு வந்துவிட்டது. ஊரில் படித்த படிப்புக்கு இங்கே வேலை அமையவில்லை. பிள்ளைகள் பள்ளியில் இருக்கும் நேரத்தில் செய்கிற மாதிரி ஒரு கைத்தொழில் வேண்டும். "ஐநூறு மணி நேரம் படிச்சா போதுமாமே அக்கா, உடனே சேர்ந்திடவா?" என்கிறார்கள். அடுத்த வருடம் ப்ராஜெக்ட் முடிந்தால் எந்த ஊருக்குப் போகப்போகிறோம் என்று கேட்டால் பதில் இருக்காது. நம்மவர்களுக்கு இந்த முடிவில் சிக்கலே அங்கேதான் இருக்கிறது. அதனால்தான் நம் ஆட்கள் அதிகம் வாழும் நான்கு மாநிலங்களை எடுத்து எழுதுகிறேன்.

## எதை வைத்து எடை போடுவது

முதலில் வேலை அனுமதி. எச்4-இல் இருப்பவர்கள் இஏடி இல்லாமலே படிக்கலாம், தேர்வும் எழுதலாம். காசு வாங்கி ஒருவருக்கு மசாஜ் செய்ய இஏடி வேண்டும். அது இழுத்தடிக்கும் என்றால் படிப்பை அதற்கேற்பத் தள்ளிப்போடுவது நல்லது. படித்து முடித்து ஒரு வருடம் சும்மா இருந்தால் கையும் மறந்துவிடும், எலும்பு தசைப் பெயர்களும் மறந்துவிடும்.

அடுத்து, ஊரில் பிரசவித்த பெண்ணுக்கும் குழந்தைக்கும் எண்ணெய் தேய்த்துவிட்ட அனுபவமோ, கேரளத்தில் வாங்கிய பஞ்சகர்மா சான்றிதழோ இங்கே லைசென்ஸுக்கு ஈடாகாது. இந்தியக் குடும்பங்களில் பிரசவகால மசாஜுக்கு நல்ல கிராக்கி இருப்பது உண்மைதான். ஆனால் டெக்சாஸ் போன்ற மாநிலங்களில் லைசென்ஸ் இல்லாமல் காசு வாங்கிச் செய்தால் அது குற்றம். வாட்ஸ்அப் குழுவில் விளம்பரம் போடுபவர்கள் இதைக் கண்டுகொள்வதே இல்லை.

இந்த இரண்டும் சரி என்றால் நான் பார்க்கச் சொல்வது ஐந்து விஷயங்கள்: எத்தனை மணி படிப்பு (அதற்கு ஆகும் செலவும் சேர்த்து), என்ன தேர்வு, வாங்கியதைக் காப்பாற்றிக்கொள்ள வருடா வருடம் என்ன செய்ய வேண்டும், வேறு மாநிலம் போனால் எவ்வளவு கூட வரும், அந்த ஊரில் அதை வைத்து எப்படிப்பட்ட வேலை கிடைக்கும். நான்காவதற்குத்தான் நான் அதிக எடை கொடுப்பேன்.

| | டெக்சாஸ் | கலிஃபோர்னியா | வாஷிங்டன் | நியூயார்க் |
|---|---|---|---|---|
| படிப்பு | 500 மணி | 500 மணி | 625 மணி | 1,000 மணி |
| கொடுப்பது யார் | டிடிஎல்ஆர் என்னும் மாநில அரசுத் துறை | சிஏஎம்டிசி என்னும் லாபநோக்கற்ற அமைப்பு | மாநிலச் சுகாதாரத் துறை | மாநிலக் கல்வித் துறை |
| தேர்வு | எம்பிலெக்ஸ் (பல மாநிலங்கள் ஏற்கும் மசாஜ் லைசென்ஸ் தேர்வு), கூடவே டெக்சாஸ் சட்டத் தேர்வு | கட்டாயம் இல்லை | எம்பிலெக்ஸ், கூடவே மாநிலச் சட்டத் தேர்வு | எழுத்துத் தேர்வு உண்டு |
| புதுப்பிப்பது | 2 வருடத்துக்கு ஒருமுறை | 2 வருடத்துக்கு ஒருமுறை | வருடா வருடம், பிறந்த நாளன்று | 3 வருடத்துக்கு ஒருமுறை |
| தொடர்கல்வி | 2 வருடத்துக்கு 12 மணி | இல்லை | 2 வருடத்துக்கு 24 மணி | 3 வருடத்துக்கு 36 மணி |

தொடர்கல்வியை வருடக் கணக்கில் பார்த்தால் வாஷிங்டனும் நியூயார்க்கும் ஒன்றுதான், 12 மணி. டெக்சாஸில் அதில் பாதி.

## டெக்சாஸ்: சீக்கிரம் கைக்கு வருவது

ஐநூறு மணியில் 200 மணி கைவேலை. அதிலும் 125 மணி ஸ்வீடிஷ் மசாஜ். மீதியில் உடற்கூறு 50, தசை அசைவியல் 50, நோய்க்குறியியல் 40, சட்டமும் தொழில் நெறியும் 45 என்று பிரித்துப் போட்டிருக்கிறார்கள். கடைசி 50 மணி இன்டர்ன்ஷிப். பள்ளியிலேயே நடக்கும் கிளினிக்குக்கு வெளியாட்கள் குறைந்த விலைக்கு வருவார்கள்; அவர்களுக்குச் செய்து பழக வேண்டும். நம் பெண்கள் பலர் தயங்குவது இங்கேதான். முன்பின் தெரியாத ஆண் ஒருவர் மேசையில் குப்புறப் படுத்திருப்பார். போர்த்திய துணியை எந்தப் பக்கம் எவ்வளவு விலக்குவது, காலை எடுக்கும்போது துணியை எப்படித் தொடைக்கடியில் செருகுவது என்று யோசித்தே முதல் சில நாள் வியர்த்துவிடும். பழகிவிட்டால் கை தானாகப் போகும். பள்ளியில் சேரும் முன் ஒருமுறை நீங்களே காசு கொடுத்து அந்த மாணவர் கிளினிக்கில் மசாஜ் எடுத்துப் பாருங்கள். பள்ளியின் தரம், உங்கள் மனசு இரண்டும் ஒரு மணி நேரத்தில் தெரிந்துவிடும்.

முழுநேரமாகப் போனால் நான்கு மாதத்தை ஒட்டி முடிந்துவிடும், மாலை வகுப்பு என்றால் எட்டு ஒன்பது மாதம். டல்லாஸ் பக்கம் நான் விசாரித்த பள்ளிகளில் கட்டணம் நாலாயிரத்திலிருந்து எட்டாயிரம் டாலர் வரை போனது. லைசென்ஸ் கட்டணம் 100 டாலர், புதுப்பிக்க 75. கைரேகைக்கும் சட்டத் தேர்வுக்கும் தனித்தனியாகச் சிறு தொகை. தேதியை மறந்துவிட்டால் 90 நாளுக்குள் ஒன்றரை மடங்கு, அதற்கு மேல் 18 மாதம் வரை இரண்டு மடங்கு கட்டணம். 18 மாதத்தைத் தாண்டினால் துறையின் அனுமதி கேட்டு நிற்க வேண்டும். அம்மாவைப் பார்த்துக்கொள்ள ஊருக்குப் போய் ஒரு வருடம் தங்கிவிட்டவர்களுக்குக்கூட இதில் மீள வழி இருக்கிறது.

சட்டம் கறாரானது என்றாலும் தெளிவானது. புது ஆள் வந்தால் முதலில் ஒரு படிவத்தில் கையெழுத்து வாங்க வேண்டும். என்ன வகை மசாஜ், உடம்பில் எந்தெந்தப் பகுதி, எப்படிப் போர்த்தியிருக்கும், சங்கடமாக இருந்தால் உடனே நிறுத்தச் சொல்லலாம் என்பதெல்லாம் அதில் இருக்கும். தனி ஆளாகத் தொழில் செய்பவர்கள் நிறுவனத்துக்கான தனி லைசென்ஸ் இல்லாமலே நடத்தலாம். இன்னொருவரை வேலைக்கு வைத்தால் அது தேவைப்படும்.

குறை எங்கே என்றால், 500 மணி டெக்சாஸுக்குள் போதும், வெளியே பல இடங்களில் போதாது. இல்லினாய் 600 கேட்கிறது, வாஷிங்டன் 625, நியூயார்க் 1,000. வீடு வாங்கிவிட்டோம், பிள்ளை ஹைஸ்கூல் முடிக்கும்வரை டல்லாஸ் பக்கத்து ஃபிரிஸ்கோதான் என்பவர்களுக்கு இதைவிட நல்ல வழி இல்லை. தொழில் ஒத்துவருமா என்று பார்க்க நினைப்பவர்களுக்கும் இதுவே சரி. கை வலியால் விட்டுவிட்டால்கூட நஷ்டம் குறைவு.

## கலிஃபோர்னியா: வாங்குவது எளிது, கொண்டுபோவது கடினம்

இங்கே மாநிலம் லைசென்ஸ் கொடுப்பதில்லை. சட்டத்தால் அமைந்த சிஏஎம்டிசி, 2009-இலிருந்து சான்றிதழ் கொடுக்கிறது. சட்டப்படி அது விருப்பத்துக்குரியது. ஆனால் ஏராளமான நகரங்கள் அது இல்லாமல் தொழில் செய்ய விடுவதில்லை, ஸ்பாக்களும் அது இல்லாதவர்களை எடுப்பதில்லை. ஆக, ஃப்ரீமான்ட்டிலோ சான் ஹோசேயிலோ இருப்பவருக்கு 'விருப்பம்' பேச்சளவில்தான். சான்றிதழ் இருந்தால் நகரம் தன் பங்குக்கு இன்னொரு மசாஜ் அனுமதிச் சீட்டு கேட்க முடியாது. கடை வைப்பதற்கான விதிகள் மட்டும் நகரத்துக்கு நகரம் மாறும்.

500 மணி, லைவ் ஸ்கேன் கைரேகை, விண்ணப்பம்; அவ்வளவுதான். தேர்வு கட்டாயமில்லை, தொடர்கல்வி இல்லை. இதைப் பார்த்துத்தான் பலர் ஆசைப்படுகிறார்கள்.

மறைந்திருக்கும் செலவு இரண்டு. ஒன்று, பள்ளி சிஏஎம்டிசி ஏற்றுக்கொண்ட பள்ளியாக இருக்க வேண்டும். ஏற்காத பள்ளிகளின் பெயர்களை அந்த அமைப்பே வெளியிடுகிறது. பணம் கட்டும் அன்று காலையில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். மற்றது, தேர்வு எழுதாமல் விட்டது. மூன்று வருடம் கழித்து டெக்சாஸில் ஆஸ்டினுக்கு மாற்றல் வந்தால் அப்போது உட்கார்ந்து எம்பிலெக்ஸுக்குப் படிக்க வேண்டியிருக்கும். கலிஃபோர்னியாவில் படிப்பவர்கள், யாரும் கேட்காவிட்டாலும், பள்ளி முடிந்த கையோடு எம்பிலெக்ஸ் எழுதிவிட வேண்டும் என்பேன். 265 டாலருக்கு இதைவிட நல்ல காப்பீடு கிடைக்காது.

சிஏஎம்டிசி-க்கான சட்டமே காலவரம்போடு வருவது. சட்டமன்றம் அவ்வப்போது நீட்டித்துக்கொண்டிருக்கிறது. அதற்காகப் பயப்பட வேண்டியதில்லை, விதிகள் மாறுகின்றனவா என்று கண் வைத்திருந்தால் சரி. பே ஏரியாவை விட்டுப் போகவே மாட்டோம் என்பவர்களுக்கு இந்த வழி நல்லது.

## வாஷிங்டன்: கொஞ்சம் கூடப் படித்தால் கிடைப்பது அதிகம்

பெல்வியூ, ரெட்மண்ட் பக்கம் இருப்பவர்களுக்கு 625 மணி. டெக்சாஸைவிட 125 மணி கூடுதல், மாலை வகுப்பில் இரண்டு மாதத்துக்கு மேல் இழுக்கும். ஆனால் வேறெங்கும் எளிதில் கிடைக்காத ஒன்று இங்கே உண்டு. மருத்துவக் காப்பீட்டுத் திட்டங்கள் மசாஜ் தெரபிஸ்ட்டுகளைத் தங்கள் பட்டியலில் சேர்க்கின்றன. எல்லா வகை லைசென்ஸ் பெற்ற சுகாதாரப் பணியாளர்களுக்கும் திட்டங்களில் இடம் தர வேண்டும் என்ற மாநிலச் சட்டம் 1990-களிலிருந்து இருக்கிறது. கழுத்து வலி, கார் விபத்து என்று டாக்டர் சீட்டோடு வருகிறவர்கள்தான் இங்கே பல தெரபிஸ்ட்டுகளின் சோறு.

அந்தச் சோறு எளிதாக இறங்காது. மசாஜுக்கான 97124 என்ற பில் குறியீட்டு எண்ணில், 15 நிமிடம் ஒரு அலகு என்று பில் போட வேண்டும். ஒரு மணி நேரம் என்றால் நான்கு அலகு. ஒவ்வொரு வருகைக்கும் சோப் நோட் எழுத வேண்டும்: அவர் என்ன சொன்னார், நீங்கள் என்ன பார்த்தீர்கள், உங்கள் கணிப்பு, அடுத்து என்ன. குறிப்பு சரியில்லை என்றால் காப்பீட்டு நிறுவனம் பணத்தை நிறுத்தும். பணம் வரவே வாரக்கணக்கில் ஆகும். கணக்கு வழக்கு பார்த்துப் பழகிய நம் ஆட்களுக்கு இது பெரிய தொல்லை இல்லை, ஊரில் ஆபீஸ் வேலை பார்த்தவர்களுக்கு அது கூடுதல் பலம்.

வருடா வருடம் பிறந்த நாளன்று புதுப்பிக்க வேண்டும் என்பதை மட்டும் மறக்கக் கூடாது. பாஸ்போர்ட்டில் உள்ள பிறந்த நாள்தான் கணக்கு. பள்ளியில் சேர்க்கத் தாத்தா சொன்ன தேதி என்றாலும் அதுதான்.

வெளியே கொண்டுபோவதில் டெக்சாஸையும் கலிஃபோர்னியாவையும் வாஷிங்டன் முந்துகிறது. சேர்ந்த மாநிலங்களில் ஒரே லைசென்ஸில் வேலை செய்ய விடும் மசாஜ் ஒப்பந்தம் ஒன்று மாநிலங்களுக்கு இடையே உருவாகி வருகிறது. 2023-இல் நெவாடா முதலில் சட்டமாக்கியது. 7 மாநிலங்கள் சேர்ந்தால் உயிர் பெறும். அதில் இடம்பெறத் தேவையான படிப்பு 625 மணி. அது எப்போது முழுதாக நடைமுறைக்கு வந்தாலும் சரி, 500 மணியோடு நிற்பவர்கள் வெளியேதான் நிற்பார்கள்.

## நியூயார்க்: பாதி வருடம் அல்ல, ஒரு வருடம்

ஆயிரம் மணி. முழுநேரமாகப் போனாலும் ஒரு வருடத்தை ஒட்டி ஆகும்; கட்டணம் பதினைந்தாயிரம் டாலரைத் தாண்டுவது சாதாரணம். மேலைநாட்டு மசாஜோடு கீழைநாட்டு முறைகளும் பாடத்தில் உண்டு. மாநிலம் இதைச் சுகாதாரத் தொழிலாகவே நடத்துகிறது. வலிச் சிகிச்சை கிளினிக்கிலோ பிசியோதெரபி நிலையத்திலோ வேலைக்குப் போக நினைப்பவர்களுக்கு ஆழமான படிப்பு கைகொடுக்கும்.

டெக்சாஸ் 500 மணியோடு இங்கே புதிதாக விண்ணப்பித்தால் பாதிக் கிணறுதான் தாண்டியிருப்பீர்கள். நியூயார்க்கில் ஆயிரம் முடித்தவருக்கோ எந்த மாநிலத்திலும் மணி பற்றாக்குறை வராது. அந்த ஊர் தேர்வையும் சட்டத்தையும் மட்டும் பார்த்துக்கொண்டால் போதும்.

எடிசன், ஜெர்சி சிட்டியில் இருப்பவர்கள் இதையே வேறு மாதிரி யோசிக்க வேண்டும். நியூஜெர்சிக்கு 500 மணி போதும், 2 வருடத்துக்கு 20 மணி தொடர்கல்வி. வீட்டுப் பக்கத்தில் நம்மவர்களுக்கே செய்யப் போகிறீர்கள் என்றால் நியூஜெர்சியோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மன்ஹாட்டன் சம்பளத்தில் கண் இருந்தால் நியூயார்க் பள்ளியில் சேர்ந்துவிட்டு நியூஜெர்சி லைசென்ஸையும் சேர்த்து வாங்குவதுதான் சரி. முதலில் 500 முடித்து, பிறகு இன்னொரு 500 தேடுவது கணக்கில் அழகாகத் தெரியும். நடைமுறையில் பள்ளிகள் மணியைச் சில்லறையாக விற்பதில்லை. முதல் பாடத்திலிருந்து திரும்ப உட்காரச் சொல்லும். தொடர்கல்வி மணிகளைக் கூட்டி ஈடுகட்டலாம் என்றும் நம்பாதீர்கள்.

## எந்த மாநிலமானாலும் கூடவே வரும் செலவு

எம்பிலெக்ஸ் 100 கேள்வி, 110 நிமிடம். 300 முதல் 900 வரையிலான அளவுகோலில் 630 எடுத்தால் தேர்ச்சி. ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும் எழுதலாம். தவறினால் 30 நாள் காத்திருந்து மறுபடி முழுக் கட்டணம் கட்ட வேண்டும்.

அப்புறம், பெயர். நம் ஊர்ப் பெயர்களால் வரும் தலைவலி இங்கே கொஞ்சம் அதிகம். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் இல்லாதவர்களுக்கு விசாவில் எஃப்என்யூ ('முதற்பெயர் தெரியாது' என்பதன் சுருக்கம்) என்று விழுந்திருக்கும். டிரைவிங் லைசென்ஸில் அப்பா பெயர் முன்னே வந்திருக்கும். பள்ளியில் கணவர் பெயரைப் போட்டுச் சேர்ந்திருப்பீர்கள். தேர்வுப் பதிவில் உள்ள பெயரும் காட்டும் அடையாள அட்டையின் பெயரும் பொருந்தாவிட்டால் தேர்வு மையத்தில் உள்ளேயே விடமாட்டார்கள், கட்டின பணமும் போகும். பள்ளியில் சேரும் அன்றே இஏடி, டிரைவிங் லைசென்ஸ், பள்ளிப் பதிவு மூன்றிலும் ஒரே பெயர் இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

தொழில்முறைக் காப்பீடு வருடத்துக்கு 200 டாலர் அளவில் ஆகும். ஆம்டா, ஏபிஎம்பி போன்ற சங்கங்களில் உறுப்பினரானால் கூடவே வந்துவிடும். மடக்கு மேசை, விரிப்புகள், எண்ணெய், அந்த எண்ணெய்க் கறை போகாத விரிப்புகளை மறுபடி வாங்குவது, எல்லாம் சில நூறு டாலர்.

பெரிய செலவு உங்கள் கட்டைவிரல். வாரத்துக்கு 25 மணி நேரம் கை வைத்தாலே இந்தத் தொழிலில் அது முழுநேரம். அரசுத் தொழிலாளர் புள்ளிவிவரப்படி 2023 மே மாதத்தில் மசாஜ் தெரபிஸ்ட்டுகளின் நடுமட்ட வருடச் சம்பளம் 55,310 டாலர். அந்த எண்ணை வைத்து மனக்கோட்டை கட்டும் முன் வாரத்துக்கு எத்தனை பேருக்கு உங்கள் கை தாங்கும் என்று கணக்குப் பாருங்கள். முழங்கையையும் முன்கையையும் பயன்படுத்தக் கற்றுத்தராத பள்ளி எவ்வளவு மலிவாக இருந்தாலும் வேண்டாம்.

## சரி, யாருக்கு எது

டெக்சாஸிலோ நியூஜெர்சியிலோ நிலையாக இருப்பவர் 500 மணியோடு தொழிலைத் தொடங்கலாம். கலிஃபோர்னியாவில் இருப்பவர் 500 மணியோடு எம்பிலெக்ஸையும் சேர்த்து முடிக்க வேண்டும். வாஷிங்டனில் இருப்பவருக்குத் தேர்ந்தெடுக்க ஒன்றுமில்லை. நல்ல பள்ளியாகப் பார்த்தால் போதும்.

மாற்றல் வரலாம் என்று இருக்கும் குடும்பம், எந்த மாநிலத்தில் இருந்தாலும், 625 மணிக்குக் குறையாத பாடத்திட்டத்தைத் தேட வேண்டும். அப்படிப்பட்ட திட்டங்கள் 500 மணி மாநிலங்களிலும் இருக்கின்றன. கிரீன் கார்டு உள்ளவர்களுக்கு இதில் இன்னொரு லாபமும் உண்டு. பெல் கிராண்ட் (வசதி குறைந்த மாணவர்களுக்கான, திருப்பித் தர வேண்டாத உதவித்தொகை) போன்ற மத்திய அரசு உதவிக்குப் பொதுவான நிபந்தனை 600 மணி, 15 வாரம் என்பதால் 500 மணிப் படிப்புக்குக் கைக்காசுதான் போட வேண்டியிருந்தது. சில நேரம் நீளமான படிப்பே கைக்கு மலிவாக விழும். 2026 ஜூலையிலிருந்து குறுகிய படிப்புகளுக்கும் பெல் உண்டு என்று 2025-இல் சட்டம் வந்திருக்கிறது; நீங்கள் பார்க்கும் பள்ளி அதில் வருமா என்று பள்ளியிடமே கேளுங்கள். எச்4-இல் இருப்பவர்களுக்கு இந்த உதவி எதுவும் கிடையாது.

எதில் சேர்ந்தாலும், எந்தப் பாடத்துக்கு எத்தனை மணி என்று அச்சிட்ட பாடத்திட்டப் புத்தகத்தை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த மாநிலம் கேட்பது மொத்த மணியை மட்டும் அல்ல, உடற்கூறு எவ்வளவு, நெறிமுறை எவ்வளவு என்று பிரித்துக் கேட்கும். தனியார் மசாஜ் பள்ளிகள் திடீரென்று மூடுவதும் நடக்கிறது. மூடிய பிறகு டிரான்ஸ்கிரிப்ட் வாங்குவது பெரும்பாடு. படிப்பு முடிந்த வாரமே பள்ளி முத்திரையோடு ஒட்டிய உறையில் இரண்டு பிரதி வாங்கி, ஒன்றைப் பிரிக்காமல் வையுங்கள்.